நான்கு கிலோ பூண்டு

கொடைக்கானலிலிருந்து பூம்பாறை, மன்னவனூர், பூண்டி என நீளும் மலைப்பாதையின் கடைக்கோடியில் இருக்கிறது கிளாவரை. அதற்கப்பால் கேரளத்து மலைகள். மலைப்பூண்டு விளையும் அந்தச் சிற்றூரில்தான் அளவை பற்றிய முதற்பாடத்தை நான் கற்றேன்.

எங்கள் அத்தா பூண்டு வியாபாரம் செய்து வந்தார்கள். 1962-ஆம் ஆண்டு, எனக்குப் பன்னிரண்டு வயதாயிருக்கையில், கணக்கெழுத என்னையும் உடன் அழைத்துச் சென்றார்கள். அது வீசை போய்க் கிலோ வந்த காலம். 1956-இல் எடை அளவைச் சட்டம் பிறந்தது. 1957 ஏப்ரலில் ரூபாய் நூறு நயா பைசாவாயிற்று. 1958 அக்டோபரில் கிலோ கடைத்தெருவுக்கு வந்தது. பலம், வீசை, மணங்கு என்று தலைமுறை தலைமுறையாக எண்ணிப் பழகிய மக்கள் திகைத்துப் போயினர்.

கிளாவரைப் பெரியவர் ஒருவருக்கு 40 வீசை பூண்டுக்காக அத்தா முன்பணம் கொடுத்திருந்தார்கள். மார்க்கத்தில் இவ்வகை வியாபாரத்துக்கு ஸலம் என்று பெயர். அளவும் எடையும் தவணையும் ஐயமறத் தெரிந்திருக்க வேண்டும் என்பது அண்ணல் நபி (ஸல்) அவர்கள் அதற்கு விதித்த நிபந்தனை.

ஒரு வீசை ஏறக்குறைய 1 கிலோ 400 கிராம். நானோ ஒன்றரைக் கிலோ என்று வைத்துக்கொண்டேன். நாற்பதை ஒன்றரையால் பெருக்கி அறுபது என்று எழுதினேன். “ராவுத்தர் மகன் எழுதினால் சரியாகத்தான் இருக்கும்” என்று பெரியவர் அறுபது கிலோவை நிறுத்துக் கொடுத்துவிட்டார்.

அன்றிரவு பூம்பாறையில் தங்கினோம். அரிக்கேன் விளக்கொளியில் கணக்கைப் பார்த்த அத்தா கேட்டார்கள்: “ஒன்றரை எங்கிருந்து வந்தது, தம்பி?”

“கணக்குச் சுலபமாக இருக்கட்டுமென்று…”

“யாருக்குச் சுலபம்?”

என்னிடம் பதில் இல்லை. நாற்பது வீசைக்கு ஐம்பத்தாறு கிலோதான் கணக்கு. பொழுது விடிந்ததும் நான்கு கிலோ பூண்டைச் சுமந்துகொண்டு வந்த வழியே திரும்பினோம். “இதற்காகவா இவ்வளவு தூரம் வந்தீர்கள், ராவுத்தரே?” என்று பெரியவர் சிரித்தார். “இது உங்கள் பொருள், பெரியவரே. என் வீட்டில் இருக்கக் கூடாது” என்றார்கள் அத்தா.

அந்தக் கிலோ எங்கிருந்து வந்தது என்பதைப் பின்னாளில்தான் படித்தறிந்தேன். ஊருக்கொரு அளவை இருந்த பிரான்சில், எல்லா நாட்டினருக்கும் பொதுவான அளவையொன்றைத் தேடிய அறிஞர்கள் பூமியையே அளவுகோலாக்க 1791-இல் முடிவு செய்தனர். வடதுருவத்திலிருந்து நடுக்கோடு வரையுள்ள தூரத்தில் ஒரு கோடியில் ஒரு பங்கு மீட்டர் ஆயிற்று. பத்து சென்டிமீட்டர் கனச்சதுரம் கொள்ளும் தண்ணீரின் எடை கிலோ ஆயிற்று.

பூமியை அளக்கும் எண்ணம் நமக்கு அந்நியமன்று. ஒன்பதாம் நூற்றாண்டிலேயே கலீஃபா மஃமூன் தம் வானநூலாரைச் சிஞ்சார் சமவெளிக்கு அனுப்பினார். துருவத்தின் உயரம் ஒரு பாகை மாறும்வரை அவர்கள் வடக்கும் தெற்குமாக நடந்து நிலத்தை அளந்தார்கள்.

பிரான்சின் டன்கிர்க் நகர் முதல் ஸ்பெயினின் பார்சிலோனா வரை அளக்கும் பொறுப்பு தெலாம்பர், மெஷேன் என்னும் இருவரிடம் 1792-இல் ஒப்படைக்கப்பட்டது. பார்சிலோனாவில் இரண்டு இடங்களில் மெஷேன் எடுத்த கணக்குகள் ஒன்றோடொன்று ஒத்துவரவில்லை. அதை அவர் வெளியிடாமல் மறைத்தார். 1799-இல் பிளாட்டினத்தில் வார்த்த மீட்டரும் கிலோவும் பாரீசில் வைக்கப்பட்டு, உலகம் அவரைப் போற்றியபோதும் அந்த மறைப்பு அவர் நெஞ்சை அரித்தது. மீண்டும் அளக்கவென்று ஸ்பெயினுக்குச் சென்றவர் 1804-இல் அங்கேயே காய்ச்சலில் மாண்டார். மறைத்த கணக்கு அவர் இறந்த பிறகே தெலாம்பருக்குத் தெரியவந்தது.

அந்த மீட்டர் உண்மை அளவுக்கு ஏறத்தாழ 0.2 மில்லிமீட்டர் குறைவு. பூமியின் தட்டைத்தன்மையைத் தவறாகக் கணித்ததே அதற்கு முதன்மைக் காரணம். மெஷேனை வாட்டியது அந்தக் குறையன்று. தமக்குத் தெரிந்த ஒன்றைத் தெரியாதது போல் வைத்திருந்ததுதான். அவர் வரலாற்றைப் படித்தபோது எனக்கு அறுபது என்று எழுதிய என் கையே நினைவுக்கு வந்தது.

இன்று மீட்டருக்கு உலோகக்கோல் தேவையில்லை. 1983 முதல் ஒளியின் வேகத்தைக் கொண்டு அது வரையறுக்கப்படுகிறது. கிலோவும் 2019 மே 20 முதல் உலோகக்கட்டியை விட்டு இயற்கையின் மாறிலி ஒன்றைச் சார்ந்து நிற்கிறது. தேய்மானமும் துருவும் அளவைகளை விட்டு நீங்கிவிட்டன. ஆயினும் நிறுப்பவன் மனிதன்தானே! பெறும்போது நிறைத்துப் பெற்று, கொடுக்கும்போது குறைப்போரைத் திருமறையின் முதஃப்பிஃபீன் அத்தியாயம் எச்சரிப்பது எந்த அளவைக்கும் பொருந்தும்.

அத்தா மறைந்து ஆண்டுகள் பல ஆகிவிட்டன. இன்றும் ஒரு கணக்கை முழு எண்ணாக்க என் பேனா முனையும்போதெல்லாம் அவர்கள் குரல் கேட்கிறது: “யாருக்குச் சுலபம்?”