தூக்கிய கை

ஞாயிற்றுக்கிழமை காலை பதினோரு மணி. வலது கையைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு ஹாலில் குறுக்கும் நெடுக்குமாக நடந்துகொண்டிருந்தேன். கையில் என் பழைய மஞ்சள் ஸாக்ஸ்.

"என்னங்க, தோள்பட்டை பிடிச்சிக்கிச்சா?" என்று எட்டிப் பார்த்தாள் மனைவி.

"இல்லே, பறவை" என்றேன். கவலையோடு உள்ளே போய்விட்டாள்.

முந்தின ராத்திரி ஒரு டாகுமெண்டரி பார்த்ததன் விளைவு இது. கரோல் ஸ்பின்னி என்று ஒரு அமெரிக்கர். (ஆண்தான். கிறிஸ்துமஸுக்கு மறுநாள் பிறந்ததால் அப்படியொரு பெயர்.) 'செசமி ஸ்ட்ரீட்' என்ற குழந்தைகள் தொடரில் 'பிக் பேர்ட்' என்று எட்டடி ரெண்டங்குல மஞ்சள் பறவை வருமே, 1969லிருந்து அதற்குள்ளே இருந்தவர் இவர்.

உள்ளே இருப்பது லேசுப்பட்ட காரியமில்லை ஸார். தலைக்கு மேல் தூக்கிய வலது கைதான் பறவையின் கழுத்து. விரல்கள் அலகை அசைக்க வேண்டும். சுண்டு விரலுக்குக் கண் இமை டிபார்ட்மெண்ட். இடது கை, இடது இறக்கை. வலது இறக்கைக்கு ஆள் பற்றாக்குறை. அதனால் ஒரு தூண்டில் நரம்பால் இடது கையோடு இணைத்துவிட்டார்கள். ஒன்று ஏறினால் மற்றது இறங்கும். வெளியே பார்க்க வழியில்லை. மார்பில் கட்டிய குட்டி டி.வி.யில், நாம் பார்க்கிற அதே படத்தைப் பார்த்துத்தான் நடக்க வேண்டும். வசனப் பேப்பரும் உள்ளேயே ஒட்டியிருக்கும்.

நான் தாங்கியது நாலு நிமிஷம்.

அவருக்கு வேலை கிடைத்த கதைதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. 1969ல் ஒரு பொம்மலாட்ட விழாவில் சினிமாப் படத்தைப் பின்னணியில் ஓடவிட்டு ஆட்டம் காட்டினார். எங்கிருந்தோ ஒரு விளக்கு படத்தின் மேல் விழுந்து, மொத்த ஷோவும் காலி. பார்த்துக்கொண்டிருந்த ஜிம் ஹென்சன், இவர் செய்ய முயன்றது என்ன என்பதைப் புரிந்துகொண்டு கூப்பிட்டார். நான் பி.காம். முடித்துப் போன இன்டர்வியூக்களில் எவரும் இப்படி யோசித்ததாக நினைவில்லை.

அதே தொடரில் குப்பைத் தொட்டியில் குடியிருக்கும் சிடுமூஞ்சி ஆஸ்கரும் ஸ்பின்னிதான். குரலை ஒரு டாக்ஸி டிரைவரிடமிருந்து பிடித்தாராம்.

முதல் வருஷம் சம்பளம் கட்டுப்படியாகவில்லை, விட்டுவிடலாமா என்று யோசித்திருக்கிறார். பறவையின் உடையைத் தயாரித்த கெர்மிட் லவ், கொஞ்சம் பொறு என்று தடுத்தார். 1970 நவம்பரில் 'டைம்' பத்திரிகையின் அட்டையில் படம் வந்தது. பறவையின் படம்!

இந்த இடத்தில்தான் படத்தை நிறுத்திவிட்டேன். காரணம், என் பஸ் சம்பவம். ஒரு பிரமுகரின் அனுபவத் தொடரை அவர் பேரில் நான்தான் எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். பக்கத்து சீட்காரர் அதைப் படித்து, குலுங்கிக் குலுங்கிச் சிரித்து, "மனுஷன் பிச்சு உதர்றான் பாருங்க!" என்று என்னிடமே காட்டினார். "ஆமாமா" என்றேன். அன்றைக்கே, பேர் போடாவிட்டால் இனிமேல் எழுத மாட்டேன் என்று கடிதம் எழுதினேன். மேஜை டிராயரில் இருந்தது.

1990ல் ஹென்சன் இறந்தபோது அஞ்சலிக் கூட்டத்தில் ஸ்பின்னி பாடினார். அங்கேயும் பறவையாகத்தான் வந்து நின்றார். 2015ல் உடம்பு ஒத்துழைக்காமல் உடையை இன்னொருவருக்கு விட்டுக்கொடுத்தார். குரல் மட்டும் 2018 வரை. 2019 டிசம்பரில் காலமானார். வயது 85.

அதற்குள் என் ரெண்டாங்கிளாஸ் மகள் வந்து ஸாக்ஸையே உற்றுப் பார்த்தாள். "உன் பேர் என்ன?"

"மஞ்சக்கிளி" என்றேன் கீச்சுக் குரலில்.

என்னை ஏறிட்டும் பார்க்கவில்லை. சோபாவில் ஏறி நின்று ஸாக்ஸின் காதோரம் குனிந்தாள்.

"மேத்ஸ் நோட்டைத் தொலைச்சிட்டேன். நாலு நாள் ஆச்சு. அப்பாகிட்டச் சொல்லிடாதே."

தோள் விண்விண்ணென்று வலித்தது. "சொல்ல மாட்டேன்" என்றது கிளி. "வேற என்ன?"

"இன்னும் ஒண்ணு இருக்கு..." என்றாள். கையை இறக்கவில்லை.