கஜானா காலி என்பது பதிலாகாது

ஜூலை 7

2024-இல் தமிழ்நாட்டின் இரண்டு பெரிய பல்கலைக்கழகங்கள் ஒரே நேரத்தில் தள்ளாடின. மதுரை காமராசரில் சம்பளம் மாதக்கணக்கில் நின்றுபோய், ஆசிரியர்களும் அலுவலர்களும் ஓய்வூதியர்களும் போராட்டத்தில் இறங்கினார்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தின் வங்கிக் கணக்குகளை, 424 கோடி ரூபாய் வரி பாக்கி என்று வருமான வரித்துறை முடக்கியது. நிதி நெருக்கடி உண்மைதான். ஆனால் வாங்கிய வேலைக்குக் கூலி தராமலிருக்க அது சட்டப்படியான காரணம் ஆகாது. ஓய்வூதியம் அரசு மனமிரங்கித் தரும் கொடை அல்ல, ஊழியரின் சொத்து என்று தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் 1971-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்டத்தின் அதிகாரமில்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்பது அரசியலமைப்பின் 300-ஏ பிரிவு. வெறும் நிர்வாக உத்தரவு அதற்குப் போதாது என்பது 2013-இல் ஜார்க்கண்ட் ஓய்வூதிய வழக்கொன்றில் உறுதியானது. ஓய்வூதியத்துக்கே இந்தக் காப்பு இருக்கும்போது, மாதம் முழுக்க உழைத்து ஈட்டிய சம்பளத்துக்கு எப்படி இல்லாமல் போகும்?

ஜூலை 10

‘பறிக்கவில்லையே, தள்ளித்தானே வைத்திருக்கிறோம்’ என்பார்கள். இதற்கான விடை ஆந்திரத்தில் இருக்கிறது. கொரோனா தொடங்கிய 2020 மார்ச், ஏப்ரல் மாதங்களில் அந்த அரசு சம்பளத்திலும் ஓய்வூதியத்திலும் ஒரு பகுதியை நிறுத்திவைத்தது. அதைவிடப் பெரிய நிதி நெருக்கடியை யாராலும் காட்ட முடியாது. அப்படியிருந்தும் உயர் நீதிமன்றம் 12 சதவீத வட்டியோடு தரச் சொன்னது. 2021-இல் உச்ச நீதிமன்றம் அதை 6 சதவீதமாகக் குறைத்தது, ரத்து செய்யவில்லை. அரசிடம் கெட்ட எண்ணம் இருந்ததா என்பதே அங்கே கேள்வியில்லை. ஊழியரின் பணம் அரசின் கையில் தங்கியது, அதற்கு வட்டி உண்டு, அவ்வளவுதான். நம்மூர்ப் போராட்டக் கோரிக்கைகளில் நிலுவைக்கு வட்டி கேட்பதை அரிதாகவே பார்க்கிறேன். அது பெரிய இழப்பு.

ஜூலை 13

இதைவிட வலுவான மறுப்பு, ‘பல்கலைக்கழகம் தன்னாட்சி அமைப்பு, அதன் கடனுக்கு அரசு எப்படிப் பொறுப்பு?’ என்பது. பல்கலைக்கழகம் ‘அரசு’ என்ற வரையறைக்குள் வராது என்று 1950-களில் சென்னை உயர் நீதிமன்றமே, சென்னைப் பல்கலைக்கழக வழக்கொன்றில், தீர்ப்பளித்ததுண்டு. 1967-இல் ராஜஸ்தான் மின்வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தக் குறுகிய விளக்கத்தை ஏற்கவில்லை. அதோடு, பீகாரின் பொதுத்துறை நிறுவனங்களில் ஆண்டுக்கணக்கில் சம்பளமின்றி ஊழியர்கள் பட்டினியால் மடிந்தபோது, கபிலா ஹிங்கோரானி வழக்கில் 2003-இல் 50 கோடி ரூபாய் செலுத்த மாநில அரசுக்கு இடைக்கால உத்தரவு வந்தது. எல்லாச் சூழலிலும் அரசே சம்பளம் தரவேண்டும் என்று அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. அதை மறைக்கக் கூடாது. ஆனால் பல்கலைக்கழகத்தின் நிலை வேறு. அது சட்டமன்றம் இயற்றிய சட்டத்தால் பிறந்தது. உயர்கல்வித் துறைச் செயலர் அதன் சிண்டிகேட்டில் உட்கார்ந்திருக்கிறார். மானியத்தைக் கூட்டுவதும் குறைப்பதும் அரசுதான். முடிவெடுக்கும் கை அரசுடையதாக இருக்கும்போது, கடன் வந்தால் மட்டும் தன்னாட்சி பேசுவது நியாயமில்லை.

ஜூலை 16

இனி வழிமுறை. ஆசிரியர் ‘தொழிலாளர்’ அல்ல என்று 1988-இல் சுந்தராம்பாள் வழக்கில் தீர்ப்பானதால், அவர்களுக்குத் தொழில் தகராறுச் சட்டத்தின் கதவு அப்போதே மூடிவிட்டது. ஆனால் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். அதற்குமுன் பதிவாளருக்கு ஒரு கோரிக்கை மனு: எந்தெந்த மாதம், அடிப்படை ஊதியம், அகவிலைப்படி, பிடித்தம், நிகரம், வட்டி எல்லாம் எழுதி, உயர்கல்வித் துறைக்கும் நகல் அனுப்பி, ஒப்புகைச் சான்றைப் பத்திரப்படுத்த வேண்டும். வழக்கு இழுக்கும் என்பது சரிதான். ஆனால் எழுத்தில் கேட்காத நிலுவை கோப்பில் ஏறுவதே இல்லை. தொகுப்பூதியத்தில் இருக்கும் துப்புரவுப் பணியாளரும் கௌரவ விரிவுரையாளரும் தனியாக வழக்குச் செலவைத் தாங்க மாட்டார்கள். நிரந்தர ஊழியர் சங்கங்கள் தங்கள் மனுவிலேயே அவர்களுடைய பாக்கியையும் சேர்த்துக் கேட்க வேண்டும்.