அடுக்கு பிரியும் புரோட்டா: ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் கடைகளின் கைவேலை

மைதா மாவை மெல்லிய தாளாக விரித்து, எண்ணெய் தடவி, மடித்துச் சுருட்டி, கல்லில் சுட்டெடுக்கும் அடுக்கு ரொட்டிதான் புரோட்டா. விருதுநகர் மாவட்டத்தில் அதற்கு இரண்டு வடிவம் உண்டு. கொஞ்சம் எண்ணெய் விட்டுச் சுடுவது சாதா புரோட்டா. எண்ணெயில் மிதக்கவிட்டுப் பொரிப்பது எண்ணெய் புரோட்டா. விருதுநகரின் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் இந்த இரண்டாவது வகை, மதுரையிலிருந்து கொல்லம் போகும் சாலையில் சுமார் 12 கிலோமீட்டர் இடைவெளியில் உள்ள ஸ்ரீவில்லிபுத்தூரிலும் ராஜபாளையத்திலும் மாலைக் கடைகளில் கிடைக்கிறது. ராஜபாளையம் பஞ்சாலை ஊர். பக்கத்துச் சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி நெய்யும் தறிகள் ஓடுகின்றன. வேலை முடிந்து நேரம் கழித்துச் சாப்பிட வருகிறவர்களுக்குச் சூடாகக் கிடைக்கும் சாப்பாடு இது.

கடை திறப்பது மாலையில் என்றாலும் மாவு வேலை பிற்பகலிலேயே தொடங்கிவிடும். ஒரு கிலோ மைதாவுக்கு 550 முதல் 600 மில்லி தண்ணீர், 15 முதல் 20 கிராம் உப்பு, கொஞ்சம் சர்க்கரை, சிறிது எண்ணெய். சிலர் முட்டையோ பாலோ சேர்க்கிறார்கள். சர்க்கரை இனிப்புக்காக அல்ல, புரோட்டா நன்றாகச் சிவப்பதற்காக. மைதாவில் குளூட்டனின், கிளையடின் என்னும் புரதங்கள் உள்ளன. தண்ணீர் பட்டுப் பிசையப் பிசைய இவை இணைந்து குளூட்டன் வலையாகின்றன. மாவுக்கு உறுதி தருவது முதலாவது. நீளும் தன்மை தருவது இரண்டாவது. மாவு கையில் ஒட்டாமல், காது மடலைப்போல் மெத்தென்று வரும்வரை பிசைகிறார்கள். பெரிய கடைகளில் இந்த வேலையை இப்போது இயந்திரம் செய்கிறது.

பிசைந்தவுடன் மாவை விரித்தால் அது சுருங்கித் திரும்பும், அல்லது அறுந்துபோகும். அதனால் ஈரத்துணி மூடி ஒரு மணி நேரமாவது ஊறவிடுகிறார்கள். பிறகு கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையே பிதுக்கி உருண்டைகளாகக் கிள்ளுகிறார்கள். 100 கிராம் உருண்டை என்றால் ஒரு கிலோ மைதாவில் சுமார் 16 கிடைக்கும். எண்ணெய் புரோட்டாவுக்கு உருண்டை இன்னும் சிறியது. அவற்றின்மேல் எண்ணெய் ஊற்றி மறுபடி அரை மணி நேரத்துக்கு மேல் விட்டுவிடுகிறார்கள். ஊறும் நேரத்தில் குளூட்டன் வலையின் இறுக்கம் தளர்கிறது. அடுக்கு வருமா வராதா என்பது பெரும்பாலும் இந்த நேரத்திலேயே முடிவாகிவிடுகிறது.

அடுத்தது வீச்சு. புரோட்டா மாஸ்டர் எண்ணெய் தடவிய மேசையில் உருண்டையை வைத்து உள்ளங்கையால் தட்டிப் பரப்புகிறார். இரண்டு கையாலும் ஓரத்தைப் பிடித்துத் தூக்கிச் சுழற்றி மேசையில் அறைகிறார். தூக்கும்போது மாவு தன் எடையால் நீள்கிறது. அறையும்போது முன் ஓரம் மேசையில் ஒட்டிக்கொள்ள, மீதி இழுபடுகிறது. சில வீச்சுகளில் மேசைப் பரப்பு மாவுக்குள் நிழலாகத் தெரிகிறது. தடித்து நிற்கும் ஓரத்தை மட்டும் விரலால் இழுத்துவிடுகிறார். சிறு ஓட்டை விழுந்தால் பாதகமில்லை, மடிப்பில் அது மறைந்துவிடும். எண்ணெய் தெளித்து, தாளை ஒரு பக்கமிருந்து கொசுவம் மாதிரி சேர்த்து, கயிறாக இழுத்து, சுருளாகச் சுற்றி, வாலை அடியில் செருகுகிறார். பழகிய கைக்கு இத்தனையும் ஒரு நிமிடம்கூட ஆகாத வேலை.

எண்ணெய் புரோட்டாவுக்கான கல் அகலமானது, நடுவில் குழிந்தது. குழியில் எண்ணெய் நிற்கும். உள்ளங்கை அகலத்துக்குத் தட்டிய சுருளை அதில் விடுகிறார்கள். சூடு ஏறியதும் மாவிலுள்ள தண்ணீர் ஆவியாகிறது. நீராவியின் கன அளவு தண்ணீரைப்போல் 1,600 மடங்குக்கும் மேல். அது எண்ணெய் பூசிய மடிப்புகளுக்கு இடையே புகுந்து அவற்றைப் பிரிக்கிறது. எண்ணெய் அதிகம் காய்ந்திருந்தால் மேலே சிவந்து உள்ளே மாவாகவே இருக்கும். காயாமல் இருந்தால் புரோட்டா எண்ணெயைக் குடிக்கும். அதனால் மாஸ்டரின் கண் எப்போதும் அடுப்பின் தீயில் இருக்கிறது. சாதா புரோட்டாவுக்கு இன்னொரு வேலை பாக்கி. சுட்டவற்றைச் சூடாகவே ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து இரு கையாலும் பக்கவாட்டில் அடிக்கிறார்கள். ஒட்டியிருந்த அடுக்குகள் அப்போது பிரிகின்றன.

மேலை நாட்டுப் ‘பை’ (pie) பண்டத்தின் மேலோடும் அடுக்கு உடையதுதான், ஆனால் அதன் வழி நேரெதிர். அங்கே குளிர்ந்த வெண்ணெயைத் துண்டு துண்டாக மாவில் கலந்து, தண்ணீரைக் குறைத்து, குளூட்டன் வளராதபடி லேசாகச் சேர்க்கிறார்கள். வெண்ணெய் உருகும் இடத்தில் இடைவெளி உண்டாகிறது. அதிலுள்ள சுமார் 16 சதவீதத் தண்ணீர் ஆவியாகி அடுக்கை உயர்த்துகிறது. நம் பேக்கரி பப்ஸில் கொழுப்புப் பாளத்தை மாவில் பொதிந்து மடித்து மடித்துத் தேய்க்கிறார்கள். மூன்றாக மடிப்பதை ஆறு முறை செய்தால் கொழுப்பு 729 அடுக்காகும். வெண்ணெய் 35 டிகிரிக்குள் உருகிவிடும் என்பதால் குளிர்சாதனம் இல்லாமல் நம் ஊர்க் கோடையில் அந்த வேலை நடக்காது. புரோட்டாவுக்கோ வெயில் ஒரு தடையே இல்லை. திரவ எண்ணெயும் இளகிய மாவும் வெப்பத்தில் இன்னும் நன்றாக வளைந்துகொடுக்கின்றன.

வீட்டில் செய்கிறவர்களுக்கு வீச்சு கட்டாயமில்லை. நன்றாக ஊறிய உருண்டையை எண்ணெய் தடவிய மேடையில் கட்டையால் இயன்ற மட்டும் மெல்லியதாகத் தேய்த்து, கத்தியால் நீள நீள நாடாக்களாகக் கீறி, சேர்த்துச் சுருட்டினால் போதும். கால் மணி நேரம் விட்டு, கையாலேயே தட்டி, தோசைக்கல்லில் மிதமான தீயில் சுடலாம். அடுக்கைப் பிரிக்க, சுத்தமான துணியில் வைத்து அடிக்கலாம்.

கடையில் இந்த வேலை செய்கிறவர்கள் பெரும்பாலும் நாள் கூலிக்காரர்கள். மாவு பிசைவது, உருண்டை போடுவது என்று படிப்படியாகத்தான் வீச்சுக்கு வருகிறார்கள். பிற்பகலிலிருந்து கடை அடைக்கும்வரை நின்றே வேலை. தோளும் மணிக்கட்டும் ஓயாமல் சுழல்கின்றன. முகத்துக்கு நேரே அனல். ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவுக்கு 2019-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்த ஊர் அதற்குப் பெருமைப்படுவது நியாயம். அதே ஊரில் மாவைத் தாளாக்கும் கைகளுக்கும் கைவினைஞர் என்ற மதிப்பு சேர வேண்டும். கடைத் தொழிலாளர்களுக்கு இருக்கை தர வேண்டும் என்று 2021-ல் தமிழ்நாட்டில் சட்டம் திருத்தப்பட்டது. வீச்சை உட்கார்ந்து செய்ய முடியாது. ஆனால் மாவு ஊறும் நேரத்தில் உட்கார ஓர் இடமும், அடுப்புக்கு மேல் புகைபோக்கியும், கைத்திறனுக்கு ஏற்ற கூலியும் எந்தக் கடையிலும் சாத்தியமானவையே.