யல்லாப்பூர் பஸ்

ஓசூரில் மெஷின் சர்வீஸ் வேலையில் இருந்தபோது ஒருமுறை ஹூப்ளியிலிருந்து கார்வார் போகும் பஸ்ஸில் ஏறினேன். பக்கத்து சீட்டில் என் வயசுக்காரர் ஒருவர். சுருட்டை முடி, என்னைவிடக் கருப்பு. பெங்களூருக்குப் படிக்க வரும் ஆப்பிரிக்கப் பையன்களைப் பார்த்துப் பழகிய கண் எனக்கு. "எந்த நாடு?" என்று இங்கிலீஷில் கேட்டேன்.

அவர் கன்னடத்தில் பதில் சொன்னார்: "யல்லாப்பூர்." பிறகு, "நீங்க?"

பர்கூர், தமிழ்நாடு என்று என் ஓட்டைக் கன்னடத்தில் சொன்னேன். "அப்ப நீங்கதான் வெளியூர்" என்றார்.

பள்ளிக்கூடத்தில் என்னைக் 'கரிக்கட்டை' என்று கூப்பிட்டவர்கள்மேல் எனக்கு இன்னும் கோபம் இருக்கிறது. அந்த நான்தான் ஒருத்தரை அவர் சொந்த மண்ணிலேயே அந்நியர் ஆக்கினேன்.

அவர் சித்தி சமூகத்தவர். நம் காதுக்கு அது சின்னம்மா. அங்கே அது நூற்றாண்டுகளுக்கு முன் போர்த்துக்கீசியரும் அரபு வணிகரும் ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவந்த மக்களின் பெயர். பலர் அடிமைகளாக வந்தார்கள். அப்படி விற்கப்பட்டு வந்த மாலிக் அம்பர் அகமதுநகர் அரசையே நடத்தி, முகலாயப் படைகளைத் திணறடித்தார். வடகன்னடக் காடுகளில் குடியேறியவர்களுக்கு அந்த மாதிரி கதை எதுவும் அமையவில்லை. காட்டு வேலை, அடுத்தவன் தோட்டத்தில் கூலி. பழங்குடிப் பட்டியலில் இடம் கிடைத்ததே 2003இல்தான்.

2020 ஜூலை. ஊரடங்கில் பர்கூர் வீட்டில் கிடந்தபோது போனில் செய்தி பார்த்தேன். சாந்தாராம் புட்னா சித்தி கர்நாடக சட்ட மேலவைக்கு நியமனம். அந்தச் சமூகத்திலிருந்து அங்கே போகும் முதல் ஆள். அவர்களில் முதல் பட்டதாரி என்றும் அவரைச் சொல்கிறார்கள். வனவாசி கல்யாண் அமைப்பில் பல வருஷம் பழங்குடிகளுக்காக வேலை செய்தவர்.

அப்பாவிடம் காட்டினேன். கண்ணாடியைத் தேடி எடுத்துப் படித்தார்.

"இந்த ஊர்ல 96ல முதலமைச்சரா இருந்த ஜெயலலிதாவையே ஓட்டுப் போட்டுத் தோக்கடிச்சோம்டா. இவருக்கு யார் ஓட்டுப் போட்டாங்க? யாரோ தூக்கிக் குடுத்த பதவிதானே?"

அன்றைக்கு எனக்குப் பதில் வரவில்லை. பிறகு யோசித்தேன். பர்கூரின் பலம் எண்ணிக்கை. யல்லாப்பூர், ஹளியாள், முண்டகோடு, அங்கோலா என்று சிதறிக் கிடக்கும் சித்திகளுக்கு எந்தத் தொகுதியிலும் அந்த எண்ணிக்கை இல்லை. போதாததற்கு இந்து, முஸ்லிம், கிறிஸ்தவர் என்று மூன்று மதம் வேறு. எத்தனை தேர்தல் வந்தாலும் தங்கள் ஓட்டை மட்டும் வைத்து அவர்களால் ஒரு ஆளை அனுப்ப முடியாது. கர்நாடக மேலவையின் 75 இடங்களில் 11 நியமன இடங்கள். அதில் ஒன்றுதான் அவர்களுக்குத் திறந்தது. நம்மிடம் அந்தக் கதவும் கிடையாது. மேலவையை 1986இலேயே கலைத்துவிட்டோம்.

ஆனால் அப்பா கேட்டதும் தப்பில்லை. நாற்காலியைக் கொடுத்தது அப்போது ஆண்ட பாஜக அரசு. அதில் உட்கார்ந்தவர் காட்டு நிலப் பட்டாவுக்காக அதே அரசோடு எவ்வளவு தூரம் மல்லுக்கட்டியிருக்க முடியும்? ஓட்டுப் போட்டவன் என்றால் அடுத்த தேர்தலில் கணக்குக் கேட்பான். இங்கே சித்திகள் யாரிடம் போய்க் கேட்பது?

இருந்தும் ஒன்று மாறியிருக்கிறது. விதான சௌதா வாசலில் யாரும் இனி அவரிடம் "எந்த நாடு?" என்று கேட்க முடியாது. சின்ன விஷயம்தான். ஆனால் அந்தக் கேள்வியைக் கேட்டவன் நான். அது எவ்வளவு கனம் என்று எனக்குத் தெரியும்.