பிரிட்ஜுக்கு ஜுரமா?

புது பிரிட்ஜ் வந்து இறங்கிய வீட்டில் முதல் வாரத்திலேயே ஒரு பஞ்சாயத்து நடக்கும். யாராவது ஒருத்தர் எதேச்சையாகப் பக்கவாட்டில் கை வைத்திருப்பார். "ஐயையோ, கொதிக்குதே!" உடனே பிளக்கைப் பிடுங்கு, கடைக்காரருக்குப் போன் போடு, மெக்கானிக்கைக் கூப்பிடு...

உள்ளே ஐஸ் வைத்திருக்கும் பெட்டி வெளியே ஏன் சுட வேண்டும்? நியாயமான கேள்விதான்.

பிரிட்ஜ் குளிரை உற்பத்தி செய்வதில்லை. குளிர் என்று தனியாக ஒரு சரக்கே கிடையாது. உள்ளே இருக்கும் வெப்பத்தை அள்ளி வெளியே கொட்டுவது மட்டும்தான் அதன் வேலை. காமர்ஸ் படித்தவர்களுக்கு இது சுலபமாகப் புரியும். இரட்டைப் பதிவு! ஒரு பக்கம் பற்று என்றால் மறுபக்கம் வரவு இருந்தே தீர வேண்டும். ஒரு பேச்சுக்கு, உள்ளேயிருந்து 100 பங்கு வெப்பத்தை வெளியேற்ற 60 பங்கு மின்சாரம் செலவானால், வெளியே வருவது 160 பங்கு. பிரிட்ஜைத் திறந்து வைத்து ரூமை ஏசி ஆக்கலாம் என்று நினைப்பவர்கள் கவனிக்க :-) ரூம் இன்னும் சூடாகத்தான் செய்யும்.

கம்ப்ரஸர் வாயுவை அழுத்துகிறது. சைக்கிளுக்குக் காற்றடித்தால் பம்பின் அடிப்பகுதி சுடுமே, அதே மாதிரி வாயுவும் சூடாகிறது. அது கண்டென்சர் குழாய்களில் ஓடி, வெப்பத்தை அறைக்குக் கொடுத்துவிட்டுத் திரவமாகிறது. பிறகு ஒரு மெல்லிய குழாய் வழியாக உள்ளே போய், அழுத்தம் குறைந்து ஆவியாகும்போது உள்ளே இருக்கும் வெப்பத்தை உறிஞ்சுகிறது.

பழைய பிரிட்ஜ்களில் அந்தக் கண்டென்சர் முதுகுப் பக்கம் கறுப்புக் கம்பி வலையாகத் தொங்கும். யாரும் தொட மாட்டார்கள். இப்போது பல மாடல்களில் பக்கவாட்டுத் தகட்டுக்கு அடியிலேயே குழாயைப் பதித்துவிடுகிறார்கள். ஃப்ரீசர் கதவைச் சுற்றியுள்ள விளிம்பிலும் பெரும்பாலும் ஒரு சூடான குழாய் ஓடும். அது இல்லாவிட்டால், புழுக்கமான நாட்களில் அந்த விளிம்பு வியர்த்து ஒழுகும்.

அறையைவிடத் தகடு சூடாக இருந்தால்தான் வெப்பம் வெளியே போகும். ஆகவே 38 டிகிரி வெயிலில் பக்கவாட்டுத் தகடு 50 டிகிரியை நெருங்கினால் ஆச்சரியமில்லை. புதிதாக ஓட ஆரம்பிக்கும்போதும், கரண்ட் போய் வந்த பிறகும், ஒரேயடியாகச் சாமான்களை அடுக்கிய அன்றும் இன்னும் கூடும்.

சரி, எப்போது கவலைப்படணும்?

1. தகட்டில் ஓரிரு நொடிகூடக் கை வைக்க முடியவில்லை, மோட்டாரும் ஓய்வே இல்லாமல் கத்துகிறது. முதலில் சுவரிலிருந்து நகர்த்திப் பாருங்கள். கையேட்டில் சொன்ன இடைவெளி வேண்டும். பின்னால் வலை இருந்தால், பிளக்கை எடுத்துவிட்டுத் தூசி தட்டுங்கள். கதவிடுக்கில் ஒரு பத்து ரூபாய் நோட்டை வைத்து மூடுங்கள். லேசாக இழுத்ததும் வந்துவிட்டால் கதவு ரப்பர் போச்சு.

2. கம்ப்ரஸர் ஓடுகிறது, வெளியே சூடே இல்லை, உள்ளேயும் குளிர் இல்லை. பலரும் கவனிக்காதது இதைத்தான். பெரும்பாலும் கேஸ் கசிவாக இருக்கும். இன்றைய பல மாடல்களில் இருப்பது ஐசோபியூட்டேன், தீப்பற்றும் வாயு. விஷயம் தெரிந்த மெக்கானிக்தான் கை வைக்க வேண்டும்.

3. சில நிமிடங்களுக்கு ஒருமுறை 'டிக்' என்ற சத்தம், அப்புறம் அமைதி. கம்ப்ரஸர் கிளம்ப முயன்று தோற்கிறது. லோ வோல்டேஜாகவும் இருக்கலாம், ரிலே பழுதாகவும் இருக்கலாம்.

4. கருகிய வாடை, அல்லது தொட்டால் சுரீர். யோசிக்காமல் மெயினை அணைத்துவிட்டுப் பிளக்கை எடுங்கள். எர்த் சரியாக இருக்கிறதா என்று எலக்ட்ரீஷியன் பார்க்காமல் மறுபடி போடக் கூடாது.

இதில் எதுவுமே இல்லாமல், வெறும் சூட்டுக்குப் பயந்து பிளக்கைப் பிடுங்கினால் கெடுவது பால் மட்டுமல்ல. எத்தனையோ வீடுகளில் அதே கதவில்தான் இன்சுலின் இருக்கிறது. பிரிக்காத இன்சுலின் 2 முதல் 8 டிகிரிக்குள் இருக்க வேண்டும். ராத்திரி முழுக்க அணைத்து வைத்துவிட்டு, காலையில் அதையே ஊசி போட்டுக்கொள்ளும் தாத்தாவுக்கு, மருந்து வீரியம் இழந்திருந்தாலும் பார்த்தால் தெரியாது.

சந்தேகம் வந்தால் வெளியே தொட்டுப் பார்ப்பதைவிட உள்ளே அளந்து பார்ப்பது நல்லது. ஒரு டம்ளர் தண்ணீரில் சின்ன தெர்மாமீட்டரைப் போட்டு, நடுத்தட்டில் ராத்திரி முழுக்க வையுங்கள். காலையில் 5 டிகிரியோ சற்றுக் குறைவாகவோ காட்டினால் பிரிட்ஜ் ஒழுங்காக வேலை செய்கிறது. ஃப்ரீசருக்கு மைனஸ் 18.

இன்னொன்று, துணி மாட்ட வசதி என்று பக்கவாட்டில் ஸ்க்ரூ அடித்துவிடாதீர்கள். உள்ளே குழாய் ஓடுகிறது.

வெளியே சூடு, உள்ளே குளிர் என்றால் கணக்கு டேலி. டேலி ஆகாதபோது மெக்கானிக்கைக் கூப்பிட்டால் போதும்.