மனு பார்க்க நின்றவர்கள்

1975-77 அவசரநிலை என்றாலே நம்மூரில் மிசா சட்டத்தில் சிறைக்குப் போனவர்களின் கதைதான். 1976 ஜனவரி 31, தி.மு.க. ஆட்சிக் கலைப்பு, சென்னை மத்தியச் சிறை, அடி, அக்கட்சியின் சிட்டிபாபுவின் மரணம். பெரும்பாலும் ஆண்கள் சொன்னவை. அந்த மாதங்களில் உலை வைத்தது யார், சிறை வாசலில் மனு பார்க்க, அதாவது கைதியைச் சந்திக்க, கால்கடுக்க நின்றது யார், அக்கம்பக்கம் பேச்சை நிறுத்தியபோது பிள்ளைகளிடம் என்ன சொன்னார்கள்?

வெளிநாட்டில் இப்படிக் கேட்டு எழுதியிருக்கிறார்கள்: முசோலினி கால இத்தாலியப் பெண்களின் வாழ்க்கையை விக்டோரியா டி கிராசியா 1992-இல் தனி நூலாகவே எழுதினார். நம்மிடம், அவசரநிலையில் கைதான சினேகலதா ரெட்டியின் சிறைக் குறிப்புகள் உண்டு. அவர் மெட்ராஸ் பிளேயர்ஸ் நாடகக் குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர். ஆஸ்துமாவோடு பெங்களூர்ச் சிறையில் கிடந்து, பரோலில் வந்த சில நாட்களில், 1977 ஜனவரியில் இறந்தார். ஆனால் அது கைதியின் குரல். கைதியின் மனைவியின் குரலைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

எழுத்தாளர் அம்பை 1988-இல் மும்பையில் ஸ்பாரோ என்ற பெண்கள் ஆவணக் காப்பகத்தைத் தொடங்கியது இப்படிப்பட்ட குரல்களுக்காகத்தான். சென்னையில் எங்கள் பெருங்குடிக்குப் பக்கத்திலேயே, தரமணியில், ரோஜா முத்தையா நூலகம் இருக்கிறது. அச்சேறியது அங்கே கிடைக்கும். அச்சேறாதது உங்கள் வீட்டுப் பாட்டியிடம் இருக்கலாம். போனில் ரெக்கார்டரைப் போட்டுவிட்டுக் கேளுங்கள். அரசியல் வேண்டாம், அந்த வருஷம் ரேஷன் எப்படி வாங்கினீர்கள் என்று ஆரம்பியுங்கள்.