மணியாச்சி தாண்டும் ரயில்

திங்கள்

சித்தப்பா கடையில் ஒரு அத்தை கால் கிலோ உளுந்தும் அரைக் கிலோ சீனியும் நல்லெண்ணெயும் கேட்டார்கள். உளுந்தை நிறுத்து முடிப்பதற்குள் மற்ற இரண்டும் மறந்துபோயின. "என்னல, பராக்குப் பாத்துக்கிட்டு நிக்க?" என்றார் சித்தப்பா. அப்போது நான் பராக்குப் பார்க்கவில்லை. அது மூளை களைத்த பிறகுதான் வரும்.

மதியம் அந்தப் பகற்கனவு வந்தது. தச்சநல்லூரைத் தாண்டி வடக்கே போகும் ரயிலை நான்தான் ஓட்டுகிறேன். தாழையூத்து, கங்கைகொண்டான், மணியாச்சி, கடம்பூர், கோவில்பட்டி. வரிசை தப்பாது. சின்ன வயதில் பதிந்தவை அப்படியே இருக்கின்றன. இப்போது கேட்டதுதான் நிற்பதில்லை.

புதன்

ஆறு வயதில் தட்டட்டியிலிருந்து விழுந்தேன், தலையில் பலத்த அடி. தையல் பிரித்தார்கள், ஓடியாடினேன், எல்லாம் சரியாகிவிட்டது என்றார்கள். ஆச்சி சந்தோஷத்தில் அம்மனுக்குப் பொங்கல் வைத்தாள். ஆறாம் வகுப்பில்தான் தடுமாறினேன். பாடத்துக்கு ஒரு வாத்தியார், கரும்பலகையைப் பார்த்துக்கொண்டே காதாலும் கேட்க வேண்டும். 'சோம்பேறி' என்று பெயர் வந்தது.

சின்னஞ்சிறு மூளை தன்னைத்தானே சரிசெய்துகொள்ளும் என்ற நம்பிக்கைக்கு, 1930களில் மார்கரெட் கென்னார்ட் குரங்குகளிடம் செய்த சோதனைகள் ஒரு காரணம். பிறகு வந்த ஆய்வுகள் அதை அப்படியே ஏற்கவில்லை. திட்டமிடவும் கவனத்தைப் பிடித்துவைக்கவும் உதவும் மூளையின் முன்பகுதி இருபது வயதைத் தாண்டியும் வளர்கிறது. ஆறு வயதில் தேவைப்படாத திறன் பன்னிரண்டில் தேவைப்படும்போதுதான் குறை வெளியே தெரியும்.

வெள்ளி

வாழ்க்கையையே தின்னும் அளவுக்குப் போகும் பகற்கனவுக்கு, எலி சோமர் என்ற இஸ்ரேலிய உளவியலாளர் 2002இல் தனிப்பெயர் கொடுத்தார். மனநோய்களை வகைப்படுத்தும் அமெரிக்கக் கையேட்டில் அது இன்னும் ஏறவில்லை. அந்த முத்திரையை நானே குத்திக்கொள்ள விருப்பமில்லை. என் ரயிலில் யாரும் அவசரப்படுத்துவதில்லை, அதனால்தான் ஏறுகிறேன். ஆனால் இறங்கும்போது சோறு ஆறியிருக்கும், தங்கை ஏதோ சொல்லிவிட்டுப் போயிருப்பாள். அந்த நஷ்டம் நிஜம். கனவைத் திட்டிப் பயனில்லை, களைப்பைக் குறைக்க வேண்டும். இப்போது கேட்பதைத் துண்டுச்சீட்டில் எழுதிக்கொள்கிறேன். சித்தப்பாவே பேனா வாங்கித் தந்தார்.

ஞாயிறு

2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளைச் சொல்கிறது. தலைக்காயத்தால் வரும் மூளைப் பாதிப்பு அதில் தனி வகையாக இல்லை. கை கால் நன்றாக இருப்பவன் எந்தப் பெயரில் சான்றிதழுக்கு விண்ணப்பிப்பது? இதைத் திருத்தத்தான் வேண்டும்.

அதுவரை பெற்றோருக்கு ஒன்று சொல்வேன். பிள்ளைக்குத் தலையில் பலத்த அடிபட்டிருந்தால் ஆஸ்பத்திரிச் சீட்டைப் பத்திரமாக வையுங்கள். ஒவ்வொரு வருஷமும் வகுப்பு மாறும்போது புது வாத்தியாரிடம் அதைக் காட்டுங்கள்.